பெயருக்கு என்ன பஞ்சம்? கீவேர்டை விட்டுவிடுங்கள்

நடுவர் அவர்களே, எதிரணித் தோழர்களே, அவையில் இருக்கிற எல்லோருக்கும் வணக்கம்.

தலைப்பு இதுதான்: ஒரு நிரல்மொழி தனக்கென்று ஒதுக்கிவைத்திருக்கிற சொற்களை, அதாவது இஃப், கிளாஸ், ரிட்டர்ன் மாதிரியான கீவேர்டுகளை, நாம் எழுதுகிற கோடில், அதாவது நிரலில், ஒரு வேரியபிளுக்கு, அதாவது ஒரு மதிப்பைப் போட்டுவைக்கிற இடத்துக்கு, பெயராக வைக்க அனுமதிக்கலாமா, கூடாதா. கூடாது என்ற அணிக்காக நான் பேச வந்திருக்கிறேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணித் தங்கை, "என் கோடு, என் வேரியபிள், அதற்கு என்ன பெயர் வைக்கலாம் என்று சொல்ல கம்பைலர் யார்?" என்று கேட்டபோது கைதட்டல் வந்தது. (கம்பைலர் என்பது நாம் எழுதுவதைக் கணினிக்குப் புரிகிறபடி மாற்றித் தருகிற புரோகிராம்.) நல்ல கேள்விதான், ஆனால் அந்தக் கேள்விக்குள் ஒரு ஆள் விடுபட்டுப் போய்விட்டார். அந்தக் கோடை ஆறு மாதம் கழித்துத் திறந்து படிக்கப் போகிறவர். நான் பேச வந்தது அவருக்காகத்தான்.

தங்கை பிஎல்/1 மொழியைச் சாட்சிக்குக் கூப்பிட்டார். 1960களில் ஐபிஎம் கொண்டுவந்த மொழி, அதில் ஒரு சொல்லைக்கூட ஒதுக்கிவைக்கவில்லை என்றார், உண்மை. அதற்கு அவர்கள் சொன்ன காரணமும் நியாயமானது. அறிவியல் கணக்கு, வணிகக் கணக்கு எல்லாம் ஒரே மொழிக்குள் வந்ததால் கீவேர்டுகள் குவிந்துவிட்டன, தனக்குத் தேவையே இல்லாத பகுதியின் சொற்களையும் ஒருவர் மனப்பாடம் செய்ய வேண்டியிருக்கக் கூடாது என்று நினைத்தார்கள். நல்ல எண்ணம். ஆனால் அந்த மொழியில் இப்படி ஒரு வரி எழுதலாம், மெதுவாகவே வாசிக்கிறேன்: "இஃப் இஃப் = தென் தென் தென் = எல்ஸ்; எல்ஸ் எல்ஸ் = இஃப்;" இஃப், தென், எல்ஸ் மூன்றும் "இப்படி இருந்தால் இதைச் செய், இல்லாவிட்டால் அதைச் செய்" என்று சொல்கிற சொற்கள். கம்பைலருக்கு இதில் ஒரு குழப்பமும் இல்லை. முதல் இஃப் கட்டளை, இரண்டாவது இஃப் வேரியபிள், அப்புறம் வருகிற மூன்று தென்னில் நடுவில் இருப்பது மட்டும் கட்டளை. குழப்பமெல்லாம் நமக்குத்தான். இப்படி யார் எழுதுவார்கள் என்று கேட்பீர்கள். முழு வரியாக யாரும் எழுத மாட்டார்கள், சரி. ஆனால் ஒரு பெரிய புரோகிராமில் ஒருவர் எங்கோ ஒரு மூலையில் எல்ஸ் என்று ஒரு வேரியபிள் வைத்தால் போதும், அதற்குப் பிறகு அந்த ஃபைலில் எங்கே எல்ஸைப் பார்த்தாலும் ஒரு நொடி நின்று, இது எந்த எல்ஸ் என்று யோசித்துவிட்டுத்தான் அடுத்த வரிக்குப் போக முடியும்.

ஃபோர்ட்ரானும் அப்படித்தான், 1957-இல் வந்த மொழி, அதிலும் ஒதுக்கப்பட்ட சொல் கிடையாது. பழைய ஃபோர்ட்ரானில் இன்னொரு வழக்கமும் உண்டு: சொற்களுக்கு நடுவே இடைவெளி விட்டாலும் ஒன்றுதான், விடாவிட்டாலும் ஒன்றுதான். "டூ 10 ஐ = 1, 10" என்று எழுதினால் அது லூப். ஐ ஒன்றிலிருந்து பத்துவரை போகும், 10 என்று எண்ணிட்ட வரி வரைக்கும் உள்ள வேலை பத்து முறை நடக்கும். அந்தக் கமா இருக்கிற இடத்தில் கை தவறி ஒரு புள்ளி விழுந்துவிட்டது என்று வையுங்கள். "டூ 10 ஐ = 1.10". டூ என்ற சொல்லுக்குக் காவல் இல்லை, இடைவெளிக்கும் மதிப்பில்லை, ஆகவே "டூ10ஐ" என்று ஒரு வேரியபிள் இருப்பதாகக் கம்பைலர் எடுத்துக்கொள்கிறது. முன்கூட்டியே அறிவிக்கவும் வேண்டாம், பெயரின் முதல் எழுத்தை வைத்தே அது தசம எண் என்று முடிவு செய்து 1.10 என்ற மதிப்பை அதில் போட்டுவிடுகிறது. லூப் காணாமல் போய்விட்டது. எரர் வராது. பத்து முறை நடக்க வேண்டிய வேலை ஒரு முறை நடந்து ஏதோ ஒரு விடை வரும், அதைச் சரியான விடை என்று நம்பி நாம் வீட்டுக்குப் போய்விடுவோம். 1962-இல் மரைனர் 1 விண்கலம் அழிந்ததற்கு இந்தப் புள்ளிதான் காரணம் என்று ஒரு கதை ரொம்ப நாளாகச் சுற்றுகிறது, அது சரியான கதை அல்ல, அதனால் அதை வைத்து நான் வாதாடப் போவதில்லை. இடைவெளியைக் கண்டுகொள்ளாததும் இதில் கூட்டுக் குற்றவாளி என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் விடையே தப்பாக வந்தும் சத்தமே வராமல் இருப்பது எவ்வளவு பெரிய ஆபத்து என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டுகிற வரி வேறு இல்லை.

பழைய கதை வேண்டாம், இன்றைக்கு வருவோம். நான் பைத்தான் வகுப்பு எடுக்கிறேன். ஒரே மொழியில், ஒரே வகுப்பில், தடை இருக்கிற இடமும் தடை இல்லாத இடமும் எப்படி இருக்கும் என்பதை அங்கே கண்ணாலேயே பார்க்கலாம். ஒரு மாணவி பள்ளி மதிப்பெண்களை வைத்து ஒரு சின்ன புரோகிராம் எழுதுகிறார். எந்த வகுப்பு என்பதைக் குறிக்க "கிளாஸ் = 10" என்று அடிக்கிறார். ஓடவிட்ட உடனே பைத்தான் நின்று, அதே வரியைக் காட்டி, அந்த இடத்துக்குக் கீழேயே ஒரு குறியும் போட்டு, எழுதிய முறை தப்பு என்கிறது. அவர் பெயரை மாற்றுகிறார், வேலை தொடர்கிறது. பிரச்சினை பிறந்த இடத்திலேயே முடிந்துவிட்டது.

அதே மாணவி கொஞ்சம் கீழே போய், கூட்டுத்தொகையை வைக்க "சம்" என்று ஒரு வேரியபிள் வைக்கிறார். சம் என்பது பைத்தானில் கூட்டித் தருகிற ஃபங்ஷன், ஆனால் கீவேர்டு கிடையாது, அதனால் பைத்தான் மறுபேச்சு பேசாமல் ஏற்றுக்கொள்கிறது. ஃபங்ஷன் இருந்த பெயரில் இப்போது ஒரு எண் உட்கார்ந்திருக்கிறது. அரைமணி நேரம் கழித்து, எங்கேயோ கீழே, இன்னொரு பட்டியலைக் கூட்ட சம் ஃபங்ஷனைக் கூப்பிடுகிறார். "முழு எண்ணை ஃபங்ஷன் மாதிரிக் கூப்பிட முடியாது" என்ற பொருளில் ஒரு எரர் வருகிறது. காட்டுகிற வரியில் தப்பே இல்லை! நேற்றுவரை ஓடிய வரி, புத்தகத்தில் உள்ளபடியே எழுதிய வரி. கோடைத் துண்டு துண்டாக ஓடவிடுகிற ஜூப்பிட்டர் நோட்புக்கில் வேலை செய்தால் இன்னும் மோசம், மேலே இருக்கிற அந்தப் பழைய வரியைக் கண்டுபிடித்து அழித்தாலும் எரர் போகாது, ஏனென்றால் பின்னால் ஓடிக்கொண்டிருக்கிற கெர்னல் பழைய மதிப்பை இன்னும் நினைவில் வைத்திருக்கிறது. அதை ரீஸ்டார்ட் செய்ய வேண்டும் என்று யாராவது சொல்லும்வரை அந்தப் பிள்ளை தன் மேலேயே சந்தேகப்பட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும். லிஸ்ட், இன்புட், மேக்ஸ் என்று எந்தப் பெயரில் வேண்டுமானாலும் இது நடக்கும். எதிரணி கேட்கிற சுதந்திரம் இதுதான், நடுவர் அவர்களே. சம் என்ற பெயரில் கிடைக்கிற இந்தச் சுதந்திரத்தை இஃபுக்கும் ரிட்டர்னுக்கும் கொடுங்கள் என்கிறார்கள்.

மொழிகள் போன திசையையும் பாருங்கள். பைத்தான் 2-இல் "ட்ரூ = ஃபால்ஸ்" என்று எழுத முடியும், உண்மைக்கே பொய் என்ற மதிப்பைக் கொடுக்கலாம். 2008-இல் வந்த பைத்தான் 3 அந்தக் கதவை மூடியது. ஜாவாஸ்கிரிப்டில், இன்னும் மதிப்பு கொடுக்கவில்லை என்பதைக் குறிக்கிற அன்டிஃபைண்டு என்ற பெயருக்குள் யார் வேண்டுமானாலும் எதையாவது போடலாம் என்று இருந்ததை 2009-இல் வந்த பதிப்பு நிறுத்தியது. சி மொழியில் உண்மை, பொய் என்பதற்கான பூல், ட்ரூ, ஃபால்ஸ் மூன்றும் சி23 என்ற பதிப்பில்தான் கீவேர்டு ஆயின. இவர்கள் யாருக்கும் புரோகிராமர்கள் மேல் கோபம் இல்லை. திறந்து வைத்துப் பார்த்தார்கள், அனுபவப்பட்டார்கள், பூட்டினார்கள்.

சரி, எதிரணியின் பலமான வாதத்துக்கு வருகிறேன், அதைத் தாண்டிப் போனால் நான் நேர்மையாகப் பேசினேன் என்று ஆகாது. 2018-இல் பைத்தான் 3.7 அசிங்க் (async), அவெய்ட் (await) இரண்டையும் கீவேர்டு ஆக்கியபோது, அசிங்க் என்ற பெயரை ஏற்கெனவே பயன்படுத்திக்கொண்டிருந்த லைப்ரரிகள், அதாவது பலரும் எடுத்துப் பயன்படுத்துகிற ஆயத்தக் கோடுகள், உடைந்தன. செலரி என்ற லைப்ரரியில் ஒரு ஃபைலின் பெயரே அசிங்க்தான், அதை மாற்ற வேண்டி வந்தது. பைடார்ச் என்ற இன்னொரு லைப்ரரி, தன் ஃபங்ஷன்களில் அந்தப் பெயரில் வைத்திருந்த பாராமீட்டரை (ஃபங்ஷனுக்குக் கொடுக்கிற மதிப்பின் பெயரை) நான்_பிளாக்கிங் என்று மாற்றியது. அதே ஆண்டில் மைஎஸ்க்யூஎல் என்ற டேட்டாபேஸின் 8.0 பதிப்பு ரேங்க் என்ற சொல்லை ஒதுக்கியதால், அந்தப் பெயரில் நெடுவரிசை (காலம்) வைத்திருந்த டேபிள்களின் க்வெரிகள், அதாவது தகவல் கேட்கிற கட்டளைகள், நின்றன. இரவெல்லாம் உட்கார்ந்து மாற்றியவர்களின் வலி எனக்குப் புரிகிறது, அதை நான் சின்னதாக்க மாட்டேன்.

ஆனாலும் அந்த உடைவு எப்படிப்பட்ட உடைவு என்று பாருங்கள். கோடு ஓடத் தொடங்கும் முன்பே நின்றது, எந்த வரி என்று சொல்லிவிட்டு நின்றது. யாருடைய கணக்கும் தப்பாகிப் போகவில்லை. அதோடு, ஒரு மொழியில் புதுச்சொல் சேர்க்க நாகரிகமான வழியும் இருக்கிறது. ரஸ்ட் மொழி அசிங்கை 2018 எடிஷனில்தான் ஒதுக்கியது, 2015 எடிஷனில் எழுதிய பழைய கோடு தன் போக்கில் கம்பைல் ஆகிறது, இரண்டும் ஒரே புரோகிராமுக்குள் சேர்ந்தும் ஓடுகின்றன. தப்பு ஒதுக்கியதில் இல்லை, எப்போது, எப்படி ஒதுக்கினார்கள் என்பதில்தான் இருக்கிறது. ஜாவாவில் கோட்டூ, கான்ஸ்ட் இரண்டும் எந்த வேலையும் செய்யாத சொற்கள், இருந்தும் ஒதுக்கிவைத்திருக்கிறார்கள். சி++ பழக்கத்தில் யாராவது அவற்றை எழுதினால் தெளிவான எரர் கொடுக்க முடியும் என்பதற்காக. அந்த முன்யோசனை எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

மேட்ச் என்ற சொல்லைப் பைத்தான் 3.10 பாதி கீவேர்டாகத்தான் வைத்தது, இப்போதும் அதை வேரியபிள் பெயராக வைக்கலாம், ஆக பைத்தானே எங்கள் பக்கம் வந்துவிட்டது என்றும் தங்கை சொன்னார். அது சமரசம், தங்கச்சி. ரீஜெக்ஸ், அதாவது எழுத்துகளில் ஒரு வடிவத்தைத் தேடுகிற குறியீடு, எழுதுகிற எல்லோரும் மேட்ச் என்ற ஃபங்ஷனை ஏற்கெனவே பயன்படுத்திக்கொண்டிருந்தார்கள், அவர்கள் கோடை உடைக்க மனமில்லை. அதைச் செய்த அதே குழு இஃபையும் ஒய்லையும் திறந்துவிடவில்லையே. திறக்க முடியாததற்கு நடைமுறைக் காரணமும் உண்டு: நாம் ஒரு அடைப்புக்குறியை மூட மறந்துவிட்டால், கம்பைலர் தடுமாறி, அடுத்து எங்கே ஒரு ஒய்லோ ரிட்டர்னோ வருகிறது என்று தேடி, அங்கே ஒரு புது வரி தொடங்குகிறது என்று பிடித்துக்கொண்டு மற்ற தப்புகளைச் சொல்ல முயலும். ரிட்டர்ன் யாரோ ஒருவருடைய வேரியபிளாகவும் இருக்கலாம் என்றால் அந்தப் பிடியும் போயிற்று.

இயற்பியல்காரர்கள் அலைநீளத்துக்கு லாம்டா என்று எழுத ஆசைப்படுவது நியாயம்தான், ஆனால் பைத்தானில் அது கீவேர்டு. பின்னால் ஒரு அண்டர்ஸ்கோர் போட்டால் போதும், பைத்தானின் நடைவழிகாட்டியே அதைத்தான் சொல்கிறது. சி ஷார்ப்பில் முன்னால் ஒரு அட் குறி, ரஸ்டில் ஆர் எழுத்தும் ஹேஷும். கட்டாயம் அந்தச் சொல்தான் வேண்டும் என்பவருக்கு வழி இருக்கிறது, படிக்கிறவருக்கும் இது பெயர், கட்டளை கிடையாது என்று அந்தக் குறியே சொல்லிவிடுகிறது. ஒன்றை மட்டும் எதிரணிக்கு விட்டுக்கொடுக்கிறேன்: கோபால் (COBOL) என்ற பழைய நிரல்மொழியில் இருப்பதுபோல நூற்றுக்கணக்கில் சொற்களை ஒதுக்கிவைத்தால் அது தொல்லைதான். நான் கேட்பது சின்னப் பட்டியல். கோ மொழிக்கு 25, பழைய சி-க்கு 32, இன்றைய பைத்தானுக்கு 35. ஒரு மாலையில் படித்துவிடலாம்.

கடைசியாக ஒரு க்வெரி. போஸ்ட்கிரஸ் என்ற டேட்டாபேஸில் யூசர் என்பது ஒதுக்கப்பட்ட சொல். அந்தப் பெயரில்தான் டேபிள் வேண்டும் என்று பிடிவாதமாக இரட்டை மேற்கோள் போட்டு ஒருவர் டேபிளை உருவாக்குகிறார், ஆயிரம் பேரின் விவரத்தை அதில் ஏற்றுகிறார். அடுத்த வாரம் அவருடைய டீமில் இன்னொருவர் மேற்கோளை மறந்து "செலக்ட் ஸ்டார் ஃப்ரம் யூசர்" என்று, அதாவது யூசரில் உள்ள எல்லாவற்றையும் காட்டு என்று, அடிக்கிறார். எரர் வராது. ஒரே ஒரு வரி வரும், அதில் டேட்டாபேஸுக்குள் அவர் நுழைந்திருக்கிற லாகின் பெயர் இருக்கும். ஆயிரம் பேர் எங்கே போனார்கள் என்று அந்த ஆள் டேட்டாபேஸையே சந்தேகப்பட்டு, பேக்கப் இருக்கிறதா என்று தேட ஆரம்பித்திருப்பார். யூசர்ஸ் என்று ஒரே ஒரு எழுத்து கூடுதலாகப் பெயர் வைத்திருந்தால் இது எதுவுமே நடந்திருக்காது. இந்த ஆளுக்கு எதிரணி என்ன பதில் வைத்திருக்கிறது என்று அடுத்துப் பேச வருகிறவர் சொல்லட்டும், கேட்கக் காத்திருக்கிறேன். நன்றி, வணக்கம்.