26 யார்டு பாக்கி, 19 வயதுப் பையன், ஒரே வீச்சு: அலபாமா சாம்பியன் ஆன கதை

வணக்கம் நண்பர்களே! 2018 ஜனவரி 8, அட்லாண்டா நகரம், மெர்சிடிஸ் பென்ஸ் ஸ்டேடியம். அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலின் தேசிய இறுதிப்போட்டி ஓவர்டைமுக்குப் போய்விட்டது. ஜார்ஜியா 23, அலபாமா 20. பந்து அலபாமாவிடம். பந்தைப் பிடித்திருக்கும் குவாட்டர்பேக்குக்கு, அதாவது பந்தை வீசி ஆட்டத்தை நடத்துபவருக்கு, வயது 19. கல்லூரியில் முதல் வருடம். அன்றைக்கு வரை ஒரு ஆட்டத்தில்கூட தொடக்க வீரராக இறங்கியதில்லை. சற்று முன்தான் எதிரணி அவரை மடக்கிக் கீழே தள்ளியதில் 16 யார்டு பின்னால் போய்விட்டது அணி. மொத்த ஸ்டேடியமும் ஜார்ஜியா ஜெயித்துவிட்டது என்று நினைத்த நேரம்.

அடுத்த வீச்சில் அலபாமா சாம்பியன்!

எப்படி? அதைத்தான் இந்த வீடியோவில் பிரித்துப் பார்க்கப் போகிறோம். அந்த ஒரு வீச்சை நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்திருக்கிறேன், இன்னும் அலுக்கவில்லை.

[திரையில்: மைதானத்தின் வரைபடம்]

அமெரிக்கன் ஃபுட்பால் பார்க்காதவர்களுக்குச் சட்டென்று விதி. பந்து வைத்திருக்கும் அணிக்கு 4 முயற்சி. அதற்குள் 10 யார்டு முன்னேறினால் மறுபடி 4 முயற்சி கிடைக்கும். கடைசிக் கோட்டைத் தாண்டினால் டச்டவுன், 6 புள்ளி; அதன்பின் ஓர் உதையில் இன்னும் 1 புள்ளி எடுக்கலாம். கம்பங்களுக்கு நடுவே உதைத்து அனுப்பினால் ஃபீல்டு கோல், 3 புள்ளி. இவ்வளவு போதும்.

இப்போது இரண்டு அணிகள். ஜார்ஜியா அதற்கு முன் கடைசியாகத் தேசியப் பட்டம் வென்றது 1980 சீசனில். இறுதிப்போட்டி நடப்பதோ அவர்களுடைய சொந்த மாநிலத்திலேயே. பயிற்சியாளர் கிர்பி ஸ்மார்ட், அதற்கு முன் அலபாமாவில் அன்றைய தலைமைப் பயிற்சியாளர் நிக் சேபனிடம் தடுப்பாட்டத்துக்குப் பொறுப்பாளராக இருந்தவர். ஆக, குருவும் சிஷ்யனும் நேருக்கு நேர். அதுவரை சேபனின் பழைய உதவியாளர்களில் ஒருவர்கூட அவரைத் தோற்கடித்ததில்லை. அரையிறுதியில் ஜார்ஜியா ஓக்லஹோமாவை 54-48 என்று வென்றது, அலபாமா கிளெம்சனை 24-6 என்று வென்றது. சரி, ஆட்டத்துக்குப் போவோம்.

முதல் பாதி முடிந்தபோது ஜார்ஜியா 13, அலபாமா பூஜ்யம்.

அலபாமாவின் குவாட்டர்பேக் ஜேலன் ஹர்ட்ஸ். தொடக்க வீரராக 25 வெற்றி, 2 தோல்வி என்ற கணக்கோடு வந்தவர். ஆனால் அன்றைய முதல் பாதியில் 8 வீச்சில் 3 மட்டுமே கைசேர்ந்தது, கிடைத்தது வெறும் 21 யார்டு. இடைவேளையில் சேபன் ஹர்ட்ஸை உட்காரவைத்துவிட்டு துவா தாகோவைலோவாவை இறக்கினார். ஆரம்பத்தில் சொன்ன அந்த 19 வயதுப் பையன் இவர்தான், ஹவாயிலிருந்து வந்த இடதுகை வீரர். தேசிய இறுதிப்போட்டியின் நடுவில், அதுவரை பெரும்பாலும் ஜெயித்து முடிந்த ஆட்டங்களின் கடைசியில் மட்டும் இறங்கிய ஒரு புதுப் பையனிடம் அணியைக் கொடுப்பது சாதாரணத் துணிச்சல் இல்லை. தோற்றிருந்தால் இந்த முடிவை ஆயுசுக்கும் சொல்லிக் காட்டியிருப்பார்கள்.

துவா வந்ததும் எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைக்காதீர்கள். ஒரு டச்டவுன் போட்டார், 13-7. உடனே ஜார்ஜியாவின் ஜேக் ஃப்ரோம் ஒரு 80 யார்டு டச்டவுன் வீச்சு, 20-7. அப்புறம் துவா பந்தை எதிரணியின் கையில் கொடுத்துவிட்டார். நல்லவேளை, அடுத்த முயற்சியிலேயே ஃப்ரோமின் பந்தும் பறிபோனது. மெல்ல மெல்ல 20-13 ஆனது. கடைசி 4 நிமிடத்துக்குள், நான்காவது முயற்சியில், கால்வின் ரிட்லிக்கு ஒரு டச்டவுன். 20-20!

அப்போதே ஜெயித்திருக்கலாம். நேரம் முடியும் தறுவாயில் 36 யார்டு ஃபீல்டு கோல் வாய்ப்பு வந்தது. உதை இடதுபக்கம் விலகிப் போய்விட்டது. இதை மறந்துவிடாதீர்கள், உடனே தேவைப்படும்.

கல்லூரி ஃபுட்பாலின் ஓவர்டைம் கிட்டத்தட்ட நம்ம கிரிக்கெட் சூப்பர் ஓவர் மாதிரி. எதிரணிக் கோட்டிலிருந்து 25 யார்டில் பந்தை வைத்து இரண்டு அணிக்கும் ஒவ்வொரு வாய்ப்பு. இரண்டாவதாக ஆடுபவருக்கு எவ்வளவு தேவை என்பது தெரியும். ஜார்ஜியா முதலில் ஆடி, 51 யார்டு தூரத்திலிருந்து உதைத்து 3 புள்ளி எடுத்தது. அலபாமாவின் முதல் முயற்சியில்தான் துவா மாட்டிக்கொண்டு 16 யார்டு இழந்தார். 25 ஆக இருந்தது 41 ஆகிவிட்டது. இரண்டாவது முயற்சி, தேவை 26 யார்டு.

[திரையில்: வீரர்களின் நிலை, புள்ளிகளாக]

கொஞ்சம் நிறுத்தி யோசித்துப் பாருங்கள். அங்கிருந்து ஃபீல்டு கோல் உதைத்தால் 58 யார்டு தூரம். சற்று முன் 36 யார்டே தவறியிருக்கிறது. பயிற்சியாளர் இடத்தில் நான் இருந்திருந்தால், சின்னதாக ஒரு 15 யார்டு எடுத்து, கிட்டே போய் உதைத்து, ஆட்டத்தைச் சமன் செய்யப் பார்த்திருப்பேன். அலபாமா எடுத்த வழி வேறு. நான்கு ரிசீவர்களையும், அதாவது வீசும் பந்தைப் பிடிப்பவர்களையும், நேராக ஓடச் சொன்னார்கள். ஆழமாக, ஒரே ஓட்டம்.

இனி கவனமாகக் கேளுங்கள். ஜார்ஜியா பின்னால் இரண்டு சேஃப்டிகளை, அதாவது கடைசிக் காவல்காரர்களை, நிறுத்தியிருந்தது. மைதானத்தை இரண்டாகப் பிரித்து, ஆளுக்கு ஒரு பாதி காவல். ஒவ்வொருவர் பாதியிலும் இரண்டு ரிசீவர்கள் ஓடி வருகிறார்கள், ஒருவர் நடுவில், ஒருவர் ஓரத்தில். இரண்டு பேரையும் ஒரே ஆள் பிடிக்க முடியாது. எனவே சேஃப்டி என்ன செய்வார்? குவாட்டர்பேக்கின் கண்ணைப் பார்ப்பார். கண் போகும் பக்கம் கால் போகும்.

இடது ஓரத்தில் ஓடியவர் டெவோன்டா ஸ்மித், அவரும் முதல் வருட மாணவர். அவரை மறித்து நின்ற ஜார்ஜியா வீரர், பின்னால் தன் அணியின் சேஃப்டி இருக்கிறார் என்ற நம்பிக்கையில் ஸ்மித்தைப் போகவிட்டார். துவா அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை. முகத்தை வலதுபுறம் வைத்துக்கொண்டே பின்னால் நகர்ந்தார். சேஃப்டியும் நடுவிலேயே நின்றுவிட்டார். அந்தக் கணத்தில் துவா இடதுபுறம் திரும்பி வீசினார். சேஃப்டிக்குப் புரிந்து ஓடி வருவதற்குள் பந்து ஸ்மித்தின் கைக்குள் இறங்கிவிட்டது. 41 யார்டு டச்டவுன். 26-23. ஆட்டம் முடிந்தது!

எல்லோரும் அந்தக் கையைப் புகழ்கிறார்கள். நான் சொல்வேன், கண்தான் அந்தப் பட்டத்தை வாங்கிக் கொடுத்தது. முந்தைய பந்தில் தரையில் விழுந்து அணியைத் தவிக்கவிட்ட ஒரு பையன், அடுத்த பந்தில் எதிரியை இரண்டு வினாடி ஏமாற்றும் அளவு நிதானமாக இருந்திருக்கிறார். உங்களுக்கும் அப்படித்தான் தோன்றுகிறதா, இல்லை சேஃப்டியின் தவறுதான் பெரிதா? கமெண்டில் கட்டாயம் சொல்லுங்கள்.

இனி ஹர்ட்ஸ். துவா டச்டவுன் போடும்போதெல்லாம் ஓரத்தில் நின்று முதலில் குதித்துக் கொண்டாடியவர்களில் அவரும் ஒருவர். வேறு கல்லூரிக்கு மாறியிருக்கலாம், உடனே மாறவில்லை. 2018 டிசம்பர் 1, மறுபடி அதே ஸ்டேடியம், மறுபடி ஜார்ஜியா, இந்த முறை எஸ்.இ.சி. என்ற பிராந்தியக் கல்லூரி லீகின் இறுதிப்போட்டி. அலபாமா 21-28 என்று பின்தங்கியிருந்தபோது துவாவுக்குக் காலில் அடி. உள்ளே வந்தவர் ஹர்ட்ஸ். ஒரு டச்டவுன் வீச்சு, ஒரு 15 யார்டு டச்டவுன் ஓட்டம், 35-28. எனக்கு அந்தத் தேசிய இறுதிப்போட்டியைவிட இந்த ஆட்டம் ஒரு படி மேல்!

கதை இன்னும் நீளுகிறது. ஹர்ட்ஸும் ஸ்மித்தும் பிறகு தொழில்முறை அணியான ஃபிலடெல்பியா ஈகிள்ஸில் சேர்ந்தார்கள். 2025 பிப்ரவரியில் நியூ ஆர்லியன்ஸில் நடந்த, தொழில்முறை லீகின் இறுதிப்போட்டியான சூப்பர் பவுலில் ஈகிள்ஸ் 40-22 என்று கான்சாஸ் சிட்டியை வீழ்த்தியது. ஆட்ட நாயகன் ஹர்ட்ஸ். அந்த ஆட்டத்தில் அவர் ஸ்மித்துக்கு வீசிய டச்டவுன் 46 யார்டு. அந்த வீச்சைத் தனியாகப் பிரித்து ஒரு வீடியோ போடவா? வேண்டும் என்பவர்கள் கீழே எழுதுங்கள்.