பிராசவோலா பூத்துவிட்டது, பகலில் மோந்து பார்க்காதீர்கள்!

வணக்கம் மக்களே. வழக்கம்போல காட்பாடி மொட்டை மாடிதான். இன்றைக்கு முதலில் ஒரு பஞ்சாயத்து இருக்கிறது.

போன வீடியோவில் மொட்டு காட்டினேனே, பிராசவோலா நோடோசா என்கிற ஆர்க்கிட், அது பூத்துவிட்டது! அந்த நேரம் பார்த்து ராணிப்பேட்டையிலிருந்து நாத்தனார் வந்தார். உச்சி வெயிலில் மாடியேறி, பூவில் மூக்கை வைத்து, "வாசனையே இல்லையே, எண்ணூற்றைம்பது ரூபாய் தண்டமா? அந்தக் காசுக்கு நேதாஜி மார்க்கெட்டில் மல்லி வாங்கி வீடு முழுக்கத் தொங்கவிட்டிருக்கலாம்" என்றார். சாயங்காலம் ஐந்து மணி பஸ்ஸுக்குக் கிளம்பியும் போய்விட்டார். இன்னும் இரண்டு மூன்று மணி நேரம் இருந்திருக்கக் கூடாதா?

பவளமல்லியை யாராவது மத்தியானம் மோந்து பார்த்துக் குறை சொல்வார்களா? இதுவும் ராத்திரிப் பூதான். மெக்சிகோவிலிருந்து வெனிசுவேலா வரை, கடலோரத் தாழ்நிலங்களில் மரத்திலும் பாறையிலும் ஒட்டி வளர்கிற செடி. அங்கே இருட்டில் பறக்கிற ஹாக் மாத் என்கிற பெரிய அந்துப்பூச்சிதான் இதன் மகரந்தத்தைச் சுமக்கிறது. அது தூங்குகிற நேரத்தில் எதற்கு வாசனையை வீணாக்க வேண்டும்? இருட்டில் கலர் காட்டியும் பிரயோஜனம் இல்லை. அதனால்தான் ஐந்து இதழும் பச்சை கலந்த வெளுப்பில் ஒல்லியாக இருக்கின்றன, நடுவில் இதய வடிவத்தில் ஒரு வெள்ளை உதடு. கிட்டே வாருங்கள், காட்டுகிறேன். உதட்டின் அடி குழலாகச் சுருண்டு போகிறது பாருங்கள், தேன் அதற்கும் உள்ளே. ஏழரை மணிக்கு மேல் எலுமிச்சை கலந்த ஒரு வாசனை வந்தது, மாடிப்படி வரைக்கும்! கல்யாண மண்டபத்தில் வைக்கிற அந்த ஊதா பேலனாப்சிஸ் ஆர்க்கிட் எனக்கு ஏன் பிடிக்காது என்று இப்போதாவது புரிகிறதா? பெரும்பாலும் வாசனையே கிடையாது, ப்ளாஸ்டிக்கே வாங்கி வைத்துவிட்டுப் போகலாம்.

சரி, இந்தச் செடியைக் கட்டி வளர்க்கிற கட்டை விஷயத்துக்கு வருகிறேன். தேங்காய் மட்டைத் துண்டு பற்றி என் அபிப்பிராயம் உங்களுக்குத் தெரியும், ஈரத்தைப் பிடித்து வைத்து வேரை அழுக வைக்கும். அதனால் வேலங்கட்டை, பட்டையோடு. விறகு மண்டிக்குப் போனேன். விறகை எடை போட்டுத்தானே விற்பார்கள்? அவர் "எதுக்கும்மா?" என்று கேட்டார். "ஆர்க்கிட் கட்ட" என்றேன். அவ்வளவுதான், தராசு காணாமல் போய்விட்டது. ஒரு முழம் கட்டைக்கு இருநூறு ரூபாய்! "அண்ணா, அடுப்பில் வைத்தால் என்ன விலை?" என்று கேட்டால், "அது வேற கட்டைம்மா" என்கிறார். அதே குவியல்! திரும்பி வந்துவிட்டேன். மறுநாள் என் வீட்டுக்காரரை, எதற்கு என்று வாயே திறக்கக் கூடாது என்று சொல்லி அனுப்பினேன். இருபது ரூபாய். அதே கட்டை, நுனியில் பிளவு இருக்கிறதே, அதை வைத்துத்தான் கண்டுபிடித்தேன். இருபதே ரூபாய், மக்களே!

ஆங், எதை வைத்துக் கட்டினேன் என்று சொல்லவே இல்லையே. தூண்டில் நரம்பு. எலக்ட்ரிகல் கடையில் மிஞ்சின செம்புக் கம்பி வேண்டவே வேண்டாம், செம்பு ஆர்க்கிட்டுக்கு ஆகாது. வேர் கட்டையைப் பிடித்ததும் நரம்பை வெட்டிவிடலாம்.

வேலூர் வெயிலில் வருமா என்று கேட்கிறீர்கள். தாராளமாக வரும். இலையைப் பாருங்கள், பென்சில் தடிமன், மேலே நீளமாக ஒரு பள்ளம். கற்றாழையைப் போல இதுவும் இலைத்துளைகளை ராத்திரியில்தான் திறக்கும், பகலில் மூடிக்கொண்டு தண்ணீரை மிச்சம் பிடிக்கும். ஐம்பது சதவீத நிழல்வலை போதும், அக்னி நட்சத்திரத்துக்கு மட்டும் இன்னொரு மடிப்பு. நிழலிலேயே வைத்தால் இலை கரும்பச்சையாகக் கொழுக்கும், பூ வராது.

எதிரி நம் போர்வெல் தண்ணீர்தான். குழாய் வாயில் படிகிற அதே வெள்ளை உப்பு வேரிலும் படிந்து, இலை நுனி கருகும். நான் மழைத் தண்ணீரை டிரம்மில் பிடித்து, கொசு வராமல் வாயை வேட்டித்துணியால் கட்டி வைக்கிறேன். தீர்ந்துவிட்டால் ஆர்.ஓ. தண்ணீர். நல்ல தண்ணீரைச் சொல்கிறேன், கழிவுக் குழாயில் வருவதை அல்ல, அதில் உப்பு இன்னும் ஜாஸ்தி. எப்போது ஊற்றுவது என்பதை வேரே சொல்லும்: நனைந்தால் பச்சை, காய்ந்தால் சாம்பல் வெள்ளை. பச்சையாக இருக்கும்போது கையைக் கட்டிக்கொண்டு இருங்கள்.

அடுத்து டார்வின் ஆர்க்கிட் வாங்கச் சொல்லி நிறைய பேர் கேட்கிறீர்கள். மடகாஸ்கரின் ஆங்கிரேகம் செஸ்குவிபெடாலே, அதுவும் ராத்திரியில்தான் மணக்கும். பூவின் பின்னால் ஏறக்குறைய 30 செ.மீ. நீள வால், அதன் அடியில் தேன். 1862இல் டார்வின், அந்த நீளத்துக்கு நாக்கு உள்ள அந்துப்பூச்சி அங்கே இருந்தாக வேண்டும் என்று எழுதினார். அவர் இறந்து 21 வருஷம் கழித்து, 1903இல்தான் அந்தப் பூச்சிக்குப் பெயர் வைத்தார்கள். கதையெல்லாம் அருமை. விலை விசாரித்தேன்: பூக்கிற அளவுச் செடி நாலாயிரத்து ஐந்நூறாம், கூரியர் தனியாம். நம் பக்கத்து வெயிலில் அதைப் பூக்க வைத்தவர்கள் யாராவது இருந்தால் முதலில் எனக்குக் காட்டுங்கள், அப்புறம் பார்க்கலாம்.