பாலு மகேந்திராவின் பெருமை இயக்கத்திலேதான்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். பாலு மகேந்திராவின் பெருமை ஒளிப்பதிவிலா, இயக்கத்திலா என்பது தலைப்பு. எதிரணித் தலைவர் பேசிய நேரத்தில் பாதி 'முள்ளும் மலரும்' படத்தின் மலைக்காட்சிகளுக்கே போய்விட்டது. சரி, நாங்களும் ரசித்தோம். ஆனால் அதை யார் படம் என்கிறோம்? மகேந்திரன் படம். 'சங்கராபரணம்' படத்துக்கும் பாலு மகேந்திராதான் கேமரா. அதை விஸ்வநாத் படம் என்கிறோம். எவ்வளவு அழகாக எடுத்துக் கொடுத்தாலும் பட்டா அடுத்தவர் பெயரில்தான் ஐயா!

மட்டக்களப்பில் பிறந்து புனேயில் ஒளிப்பதிவு படித்தவர். 1974-இல் அவர் ஒளிப்பதிவு செய்த மலையாளப் படம் 'நெல்லு' வந்ததுமே தொழிலில் நல்ல பெயர். அதோடு நின்றிருக்கலாம். நிற்கவில்லை, 1977-இல் கன்னடத்தில் 'கோகிலா'வை இயக்கினார். ஒளிப்பதிவுக்கு இரண்டு தேசிய விருது என்று எதிரணி பெருமையாகச் சொன்னதே, ஒன்று அந்தக் 'கோகிலா'வுக்கு, இன்னொன்று 'மூன்றாம் பிறை'க்கு. இரண்டுமே அவரே இயக்கியவை. நடுவர் இதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

இப்போது 'வீடு'. 1988. பாட்டு கிடையாது, பெரிய நட்சத்திரம் கிடையாது. வேலைக்குப் போகும் ஒரு பெண் வீடு கட்ட இறங்குகிறாள், அவ்வளவுதான் கதை. கான்ட்ராக்டர் சிமென்ட்டில் கைவைக்கிறார். அதை உடைத்துச் சொல்வது சித்தாள் மங்கம்மா. கடைசியில் அந்த மனையே குடிநீர் வாரியத்துக்குப் போகிறது. வீடு கட்டிய யாரைக் கேட்டாலும், 'எங்கள் கதையை எப்படித் தெரிந்துகொண்டார்?' என்பார்கள்.

அதில் தாத்தா சொக்கலிங்க பாகவதர். தள்ளாத வயதில் வந்து, பாதி எழும்பிய வீட்டுக்குள் நுழைந்து சுவரைத் தடவிப் பார்ப்பார். அந்த இடத்தில் கேமரா ஒரு வித்தையும் காட்டாது. சும்மா பார்த்துக்கொண்டிருக்கும். 'மூடுபனி' எடுத்தவருக்கு வித்தை தெரியாதா? இங்கே வேண்டாம் என்று அந்த ஒளிப்பதிவாளரை அடக்கி வைத்தது அவருக்குள் இருந்த இயக்குநர்.

அப்புறம், சீடர்கள். பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி. அவரிடம் தொழில் கற்றுக்கொண்டு வந்த இவர்கள் எல்லாரும் என்ன ஆனார்கள்? இயக்குநர்கள்! 2013-இல் 'தலைமுறைகள்' எடுத்தபோதும், எழுபதைத் தாண்டிய வயதில், தாத்தாவாக நடித்துக்கொண்டே இயக்குநர் வேலையையும் பார்த்தார். இதற்கு எதிரணி என்ன சொல்கிறது என்று கேட்க ஆவலோடு உட்காருகிறேன். நன்றி.