யார்க்டவுன் முற்றுகையும் நம் கடலூர்க் கரையும்

(வாசகர் வட்டக் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)

பெருமதிப்புக்குரிய தலைவர் அவர்களே, இன்னொரு நிகழ்ச்சிக்குப் போக வேண்டியிருந்தும் "சார் பேச்சைக் கேட்டுட்டுத்தான் போவேன்" என்று முன்வரிசையில் உட்கார்ந்துவிட்ட மாமன்ற உறுப்பினர் அவர்களே, இந்த மாடியைத் திறந்துவிட்டு மின்விசிறிக்கும் ஏற்பாடு செய்த நூலகர் அம்மா அவர்களே, தேவனாம்பட்டினத்திலிருந்து வந்திருக்கும் ஊர்ப் பெரியவர்களே, என்னிடம் படித்து இன்று என்னைவிட அதிகமாக நரைத்துப்போயிருக்கும் மாணவச் செல்வங்களே, அனைவருக்கும் வணக்கம். வரவேற்புரையில் தம்பி என்னை 'வரலாற்றுக் கடல்' என்றார். கடல் என்றால் குடிக்க முடியாது என்றும் அர்த்தம் உண்டு, அதை அவர் யோசித்தாரா தெரியவில்லை. பொன்னாடை போர்த்திய அண்ணனுக்கு நன்றி. இந்தப் புழுக்கத்தில் அதை மடித்து வைத்துவிட்டேன், தப்பாக நினைக்கக் கூடாது. யார் பெயரையாவது விட்டிருந்தால் வயசைக் காரணம் காட்டி மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன்.

அழைப்பிதழில் 'அமெரிக்க விடுதலைப் போரை முடிவுசெய்த ஐந்து காரணங்கள்' என்று அச்சடித்துவிட்டார்கள். சரி, ஐந்தையும் சொல்லிவிடப் பார்க்கிறேன்.

என் பாட்டி ஒரு பழமொழி சொல்வாள். சின்ன வயசில் கடலில் குளிக்கக் கூட்டிப்போனால் நான் கரையிலேயே நின்று அலையை எண்ணிக்கொண்டிருப்பேன். "அலை எப்ப ஓயறது, தலை எப்ப முழுகறது" என்று பிடரியைப் பிடித்து உள்ளே தள்ளுவாள். இன்றைக்கு நான் சொல்லப்போகிற போரில் அலைக்குள் இறங்கியவன் ஜெயித்தான். கரையில் நின்று எண்ணிக்கொண்டிருந்தவன் தோற்றான்.

முதல் காரணம், கடல். 1781-க்கு வருவோம். சண்டை தொடங்கி ஆறு வருஷம் ஆகிவிட்டது. வாஷிங்டனுடைய படைக்குச் சம்பளம் இல்லை, அமெரிக்கக் காங்கிரஸ் அச்சடித்த காகிதப் பணத்துக்குக் கடையில் மதிப்பில்லை. நியூயார்க்கில் கிளின்டன் என்ற ஆங்கிலத் தளபதி அசையாமல் உட்கார்ந்திருக்கிறார். தெற்கே கரோலினாக்களில் சண்டை போட்டுக் களைத்துப்போன இன்னோர் ஆங்கிலத் தளபதி கார்ன்வாலிஸ் வர்ஜீனியாவுக்கு வந்து, ஆகஸ்ட் மாதத்தில் யார்க்டவுன் என்ற சின்னத் துறைமுக ஊரில் கூடாரம் அடிக்கிறார். யார்க் ஆற்றங்கரையில் மேட்டுமேல் இருக்கிற ஊர். நல்ல ஆழம், பெரிய கப்பலே உள்ளே வரும். எதிர்க்கரையில் குளோஸ்டர் முனை. ஆறு கொஞ்ச தூரத்தில் செசபீக் விரிகுடாவில் கலக்கிறது, விரிகுடா அட்லாண்டிக்கில் திறக்கிறது. கார்ன்வாலிஸ் கணக்கு எளிது: முதுகுப்பக்கம் தண்ணீர், தண்ணீரில் நம் கப்பல், ஆபத்து வந்தால் ஏறிப் போய்விடலாம். அந்தத் தண்ணீரில் வேறு ஒருவன் கப்பல் வந்து நின்றால் என்ன ஆகும் என்று மட்டும் பார்க்கவில்லை.

வந்து நின்றவர், அமெரிக்கர் பக்கம் சேர்ந்து சண்டை போட்ட பிரெஞ்சுக்காரரின் கடற்படைத் தளபதி தெ கிராஸ். மேற்கிந்தியத் தீவுகளில் சர்க்கரைக் கப்பல்களுக்குக் காவல் இருந்த மனிதர். கொஞ்சம் கப்பலை அனுப்பிவிட்டு மீதியை அங்கேயே வைத்துக்கொண்டிருந்தால் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவரோ பெரிய போர்க்கப்பல் 28-ஐயும் கிளப்பினார். கூடவே 3,000-க்கு மேல் தரைப்படை வீரர்கள். வழியில் ஹவானாவில் பணமும் திரட்டிக்கொண்டார். ஆகஸ்ட் கடைசியில் செசபீக் வாயில் நங்கூரம் பாய்ச்சிவிட்டார்.

இங்கே ஒரு கதை சொல்லாமல் இருக்க முடியாது. தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார், பரவாயில்லை.

வாஷிங்டனுக்கு ஆசை முழுக்க நியூயார்க் மேல். ஆகஸ்ட் 14-ஆம் தேதி கடிதம் வருகிறது: தெ கிராஸ் செசபீக்குக்கு வருகிறார், அக்டோபர் நடுவில் திரும்பிவிடுவார். நியூயார்க் ஆசையை மூட்டை கட்டிவிட்டு மனுஷர் தெற்கே கிளம்பினார். கிளின்டனை ஏமாற்ற நியூஜெர்சியில் ரொட்டி அடுப்பெல்லாம் கட்டினார்கள். அடுப்புக் கட்டுகிறவன் இங்கேதானே தங்குவான் என்று ஒற்றன் போய்ச் சொல்வான் அல்லவா? ஃபிலடெல்ஃபியாவை எட்டும்போது சிப்பாய்கள் முகம் கறுத்துவிட்டது. காசு கொடுத்தால் நடக்கிறோம் என்றார்கள். பிரெஞ்சுத் தரைப்படைத் தளபதி ரோஷாம்போதான் தன் பெட்டியிலிருந்து வெள்ளி நாணயம் கடன் கொடுத்தார்.

இவ்வளவும் நடக்கிறது, ஆனால் தெ கிராஸ் எங்கே இருக்கிறார் என்று வாஷிங்டனுக்குத் தெரியாது! தந்தி கிடையாது, ரேடியோ கிடையாது. கடலில் புயல் அடித்ததா, ஆங்கிலேயன் முந்திக்கொண்டானா, ஒன்றும் தெரியாமல் ஆயிரக்கணக்கான ஆட்களை நடத்திக்கொண்டு போகிறார். நம் வீட்டில் போட் கரைக்கு வர ஒரு ராத்திரி தாமதமானாலே பெண்கள் வாசலில் நின்றுகொண்டிருப்பார்கள். அவருக்கு மூன்று வாரம் அந்த நிலை.

செப்டம்பர் 5. வாஷிங்டன் குதிரையில் முன்னால் போகிறார். ரோஷாம்போ வழியிலுள்ள கோட்டைகளைப் பார்க்கலாம் என்று டெலவேர் ஆற்றில் படகில் வருகிறார். செஸ்டர் என்ற ஊர் நெருங்குகிறது. கரையில் ஒரு நெட்டை மனிதர் ஒரு கையில் தொப்பி, இன்னொரு கையில் கைக்குட்டை, இரண்டையும் சுழற்றிச் சுழற்றிக் குதிக்கிறார். யாருடா இது, பைத்தியமா என்று படகில் இருப்பவர்கள் உற்றுப் பார்க்கிறார்கள். வாஷிங்டன்! சிரித்தால் வரி போடுவார்கள் என்பதுபோல் முகத்தை வைத்துக்கொண்டிருக்கிற வாஷிங்டன்! செஸ்டரைத் தாண்டிப் போனவரை வழியில் தூதன் மறித்து, தெ கிராஸ் வந்து சேர்ந்துவிட்டார் என்று சொல்லியிருக்கிறான். அதைத் தன் வாயால் சொல்ல வேண்டும் என்று திரும்பி ஓடிவந்து துறையில் நிற்கிறார். ரோஷாம்போ இறங்கியதும் கட்டிப் பிடித்துக்கொண்டார். இவ்வளவு சந்தோஷத்தை இந்த மனிதர் முகத்தில் பார்த்ததே இல்லை என்று பிரெஞ்சு அதிகாரிகள் எழுதிவைத்திருக்கிறார்கள். நாற்பத்தொன்பது வயசு, ஒரு நாட்டின் தலைமைத் தளபதி, திருவிழாவுக்கு வந்த பையன்போல. பாடம் நடத்திய காலத்தில் மேசைமேல் ஏறி இதை நடித்துக் காட்டியிருக்கிறேன். சாட்சி மூன்றாவது வரிசையில் இருக்கிறது.

அங்கே தொப்பி சுழன்ற அதே நாள்தான் விரிகுடா வாயில் பீரங்கி வெடித்தது. ஆங்கிலத் தளபதி கிரேவ்ஸ் 19 கப்பலோடு வருகிறார், காற்றும் அவர் பக்கம். பிரெஞ்சுக்காரன் அப்போது ஆயத்தமாக இல்லை. அவன் மாலுமிகளும் அதிகாரிகளுமாக ஏறத்தாழ 2,000 பேர் படகுகளில் கரைப்பக்கம் வேலைக்குப் போயிருந்தார்கள். அவர்களை விட்டுவிட்டே, நங்கூரக் கயிறுகளை அறுத்துவிட்டு, நண்பகல் வாக்கில் ஓதம் இறங்கியதும் 24 கப்பல் வெளியே வந்தன. முன்னால் நாலு, நடுவில் இடைவெளி, பின்னால் ஒரு கூட்டம் என்று சிதறி வருகிறார்கள். கிரேவ்ஸ் அந்த நேரத்தில் பாய்ந்திருந்தால்? பாயவில்லை. வரிசை சரிசெய்தார். வரிசை கலையாதே என்ற கொடியும் நெருங்கிச் சுடு என்ற கொடியும் ஒரே நேரத்தில் மேலே பறந்தன. பின்வரிசைக் கப்பல்களை நடத்திய ஆங்கிலத் தளபதி ஹூட், வரிசைக் கொடியைப் பார்த்துக்கொண்டு பொழுது சாயும்வரை சண்டைக்குள் வரவே இல்லை. எதைக் கேட்டோம் என்று அப்புறம் ஒருவரை ஒருவர் குறை சொல்லிக்கொண்டார்கள். அலை எப்ப ஓயறது, தலை எப்ப முழுகறது!

சாயங்காலம் நாலு மணிக்கு மேல் தொடங்கி இருட்டோடு முடிந்த சண்டை. அன்று ஒரு கப்பல்கூட மூழ்கவில்லை, ஒரு கப்பல்கூடப் பிடிபடவில்லை. அப்புறம் சில நாள் இரண்டு பேரும் தெற்கே மிதந்துகொண்டே போனார்கள். அந்தச் சந்தில் பர்ராஸ் என்ற இன்னொரு பிரெஞ்சுத் தளபதி நியூபோர்ட்டிலிருந்து முற்றுகைப் பீரங்கிகளை ஏற்றிக்கொண்டு பூனைபோல் விரிகுடாவுக்குள் நுழைந்துவிட்டார். தெ கிராஸும் திரும்பி வந்தார். இப்போது உள்ளே 36 போர்க்கப்பல். கிரேவ்ஸ் எண்ணிப் பார்த்துவிட்டு நியூயார்க்குக்குத் திரும்பினார். ஒரு நாட்டின் சுதந்திரத்தைத் தீர்மானித்த சண்டையில், அந்த நாட்டுக்காரன் ஒருவனும் சுடவில்லை. பள்ளிப் புத்தகத்தில் இதை ஏன் போடுவதில்லை என்று எனக்கு இன்றுவரை வருத்தம்.

இரண்டாவது காரணம், முற்றுகை. செப்டம்பர் 28-ஆம் தேதி ஏறத்தாழ 17,000 பேர் ஊரை வளைத்தார்கள். உள்ளே 7,000-க்கு மேல். முற்றுகை என்றால் ஏணி வைத்து ஏறுவது என்று சினிமாவில் பார்த்திருப்பீர்கள். உண்மையில் அது மண்வெட்டி வேலை. பீரங்கி இழுத்துவர ஊருக்கு எதிரே நீளமாகப் பள்ளம் வெட்ட வேண்டும், அது ஒன்று முடிந்ததும் இன்னும் கிட்டத்தில் இன்னொன்று. அக்டோபர் 6 ராத்திரி, மழைத் தூறல், முதல் பள்ளம் தொடங்குகிறது. ஜோசப் பிளம் மார்ட்டின் என்ற சிப்பாய் எழுதிவைத்திருக்கிறான்: யாரோ நீண்ட மேலங்கி போட்ட ஆள் இருட்டில் வந்து பேசிவிட்டுப் போனார், பார்த்தால் வாஷிங்டன். அவரே பிக்காக்ஸ் எடுத்து நாலு கொத்து கொத்தினாராம், தளபதி கையால் தொடங்கியது என்று சொல்லிக்கொள்வதற்காக. நம் ஊர் பூமி பூஜை மாதிரிதான்.

9-ஆம் தேதி பீரங்கி பேச ஆரம்பித்தது. உள்ளே தீவனம் இல்லாமல் குதிரைகளைக் கொன்று ஆற்றில் எறிந்தார்கள். அம்மை பரவியது. விடுதலை கிடைக்கும் என்று நம்பி ஆங்கிலேயரிடம் ஓடிவந்த கறுப்பின அடிமைகளை, சோறு போதவில்லை என்று அம்மைக் காய்ச்சலோடு வெளியே துரத்தினார்கள். காட்டோரத்தில் கிடந்து செத்தார்கள். மிஞ்சியவர்களில் பலரை வென்ற தரப்பு பழைய எஜமானர்களிடமே பிடித்துக் கொடுத்தது. விடுதலைப் போர் என்று நாம் வாய் நிறையச் சொல்லும்போது இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

14-ஆம் தேதி ராத்திரி இரண்டு மண்கோட்டைகளைத் துப்பாக்கியில் குண்டு போடாமல் வெறும் கத்திமுனையில் பிடித்தார்கள், ஒன்றைப் பிரெஞ்சுக்காரரும் இன்னொன்றை ஹாமில்டன் தலைமையில் அமெரிக்கரும். 16-ஆம் தேதி இரவு கார்ன்வாலிஸ் ஆற்றைக் கடந்து குளோஸ்டருக்குத் தப்பப் பார்த்தார். முதல் தொகுதி போய்ச் சேர்ந்ததும் சுழல்காற்றும் மழையும் வந்து படகுகளை அடித்துக்கொண்டு போய்விட்டது. அவர் காலைச் சுற்றியதும் தண்ணீர்தான். மறுநாள் காலை ஒரு சிறுவன் மேட்டில் ஏறி முரசு அடித்தான், ஓர் அதிகாரி வெள்ளைக் கைக்குட்டையோடு வந்தார். 19-ஆம் தேதி சரண். உடம்பு சரியில்லை என்று கார்ன்வாலிஸ் வரவில்லை. வாளை எடுத்துவந்த துணைத் தளபதி அதை ரோஷாம்போவிடம் நீட்ட, அவர் வாஷிங்டனைக் காட்ட, துணைத் தளபதியிடம் நான் வாங்குவதா என்று அவர் தன் துணைத் தளபதி லிங்கனைக் காட்டினார். சம்பந்தி வீட்டு மரியாதைச் சண்டை தோற்றது!

அதே அக்டோபர் 19-ஆம் தேதிதான் கிளின்டன் 7,000 பேரோடு நியூயார்க்கிலிருந்து உதவிக்குக் கப்பல் ஏறினார். கப்பல் பழுது பார்த்தார்கள், கூட்டம் போட்டார்கள், மறுபடி கூட்டம் போட்டார்கள். 24-ஆம் தேதி செசபீக் வாயை எட்டியபோது உள்ளே எல்லாம் முடிந்துவிட்டது. என் பாட்டியை அந்தக் கப்பலில் ஏற்றியிருக்க வேண்டும்.

மூன்றாவது காரணம் பணம்... துண்டுச் சீட்டு வந்துவிட்டது. ஹவானா என்று ஒரு வார்த்தை சொன்னேன் அல்லவா, அதையே மூன்றாவதாக வைத்துக்கொள்ளுங்கள். நாலையும் ஐந்தையும் தலைவர் அனுமதித்தால் அடுத்த கூட்டத்தில்.

நான் வந்த காரியத்தைச் சொல்லிவிடுகிறேன். அந்தப் போர் யார்க்டவுனில் முடிந்ததாக நினைக்கிறோம். பீரங்கி கடைசியாக ஓய்ந்த இடங்களில் ஒன்று இந்த மாடியிலிருந்து ஆட்டோவில் போகும் தூரம். அங்கே மோதிய பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் இங்கேயும் மோதிக்கொண்டிருந்தார்கள். 1783 ஜூன். கடலூர் பிரெஞ்சுக்காரர் கையில், உள்ளே தளபதி புஸ்ஸி. வெளியே ஆங்கிலத் தளபதி ஸ்டூவர்ட் முற்றுகை. அங்கே போலவே இங்கேயும் கரையில் முற்றுகை, கடலில் கப்பல். பிரெஞ்சுத் தளபதி சஃப்ரேனிடம் 15 கப்பல், ஆங்கிலேயர் ஹியூஸிடம் 18. செசபீக்கில் மாலுமிகளைக் கரையில் விட்டுவிட்டு ஓடினார்கள். கடலூரில் ஆள் போதாமல் கோட்டையிலிருந்து 1,200 பேரைக் கப்பலில் ஏற்றினார்கள், பாதிப்பேர் நம் ஊர்ச் சிப்பாய்கள். ஜூன் 20 சண்டை. ஹியூஸ் சென்னைக்குத் திரும்பினார். யார்க்டவுனில் உள்ளே இருந்தவன் மாட்டிக்கொண்டான். இங்கே கடல் வழியாக வரும் சாமானை நம்பி வெளியே உட்கார்ந்திருந்த ஸ்டூவர்ட் மாட்டிக்கொண்டார். அதற்குள் ஒரு கப்பல் சமாதானச் செய்தியோடு வந்தது. ஐரோப்பாவில் முன்கூட்டிய ஒப்பந்தம் ஜனவரியிலேயே கையெழுத்தாகிவிட்டது! செத்துப்போன சிப்பாய்க்கு அதை யார் சொல்வது?

தோற்ற கார்ன்வாலிஸை 1786-இல் இங்கேயே கவர்னர் ஜெனரலாக அனுப்பினார்கள். 1792-இல் திப்புவின் இரண்டு பிள்ளைகளைப் பிணையாக வாங்கினார். அவருக்குச் சென்னைக் கோட்டை அருங்காட்சியகத்தில் சிலை இருக்கிறது. நம் கரையில் செத்தவர்களுக்கு ஒரு கல் வேண்டும் என்று மூன்று வருஷத்துக்கு முன்னால் ஓர் அலுவலகத்தில் மனு கொடுத்தேன். "அமெரிக்கா சண்டைக்கு இங்க எதுக்கு சார் கல்லு?" என்று கேட்டார்கள். சொன்னேன். "பார்க்கலாம்" என்றார்கள். இன்னும் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

யார்க்டவுனில் நினைவுத் தூண் எழுப்ப அமெரிக்கக் காங்கிரஸ் 1781 அக்டோபரிலேயே தீர்மானம் போட்டது. அடிக்கல் நாட்டியது 1881-இல். இதை அந்த அலுவலகத்தில் மட்டும் தயவுசெய்து யாரும் சொல்லிவிடாதீர்கள், நமக்கும் நூறு வருஷம் இருக்கிறது என்பார்கள். நான் கேட்பது தூண்கூட இல்லை. தேவனாம்பட்டினம் கரையில் ஒரு கல், தமிழில் எழுதியது. பக்கத்தில் ஓர் அறை, அதில் பழைய கட்டுமரம், பாய், நங்கூரம், இந்தச் சண்டையின் வரைபடம்.

வாசலில் மேசைமேல் கையெழுத்து நோட்டு வைத்திருக்கிறேன். டீ குடிக்கப் போகிறவர்கள் போட்டுவிட்டுப் போங்கள். பேனா எழுதவில்லை என்று அங்கிருந்து கை காட்டுகிறார்கள். இந்தா தம்பி, என் பேனாவைக் கொண்டுபோய்க் கொடு. எல்லோருக்கும் நன்றி, வணக்கம்.