குடும்பக் கதைகளும் கோயில் அலமாரியும்

(பினாங்கில் ஒரு கோயில் மண்டபத்தில் நடந்த வாசகர் விழாவில் பேசியது. கேட்காதவர்களுக்காக எழுதித் தருகிறேன். கைதட்டலை மட்டும் விட்டுவிட்டேன்.)

அனைவருக்கும் வணக்கம்.

விழாத் தலைவர், இந்தக் கோயிலின் தலைவர், மதிப்பிற்குரிய டத்தோ அவர்களே. கோலாலம்பூரிலிருந்து காரிலேயே வந்து, பாலத்து நெரிசலில் மாட்டிக்கொண்டு, அதையும் பொருட்படுத்தாமல் முன்வரிசையில் சிரித்த முகத்தோடு அமர்ந்திருக்கும் டான்ஸ்ரீ அவர்களே (அந்தச் சிரிப்புக்கே ஒருமுறை கைதட்டலாம், தட்டுங்கள்). சட்டமன்ற உறுப்பினரின் சார்பில் வந்திருக்கும் தம்பி அவர்களே (அழைப்பிதழில் உறுப்பினரின் படம்தான் இருந்தது, பரவாயில்லை, தம்பி அவரைவிட இளமையாக இருக்கிறார்). தமிழ்ப்பள்ளித் தலைமையாசிரியர் அவர்களே. மகளிர் பிரிவுத் தலைவி அம்மா அவர்களே. மைக் செட் உபயம் செய்த அண்ணன் அவர்களே. பின்வரிசையில் நின்றுகொண்டிருக்கும் இளைஞர்களே. இன்னும் நாற்காலி இருக்கிறது, உட்காரலாம், யாரும் கேள்வி கேட்கமாட்டார்கள்.

எனக்குக் கொடுத்த தலைப்பு, குடும்பத்தையும் கிராமத்தையும் சொல்லும் நூல்கள். மூன்று செய்திகள் சொல்லப்போகிறேன். ஒன்று, தமிழ்நாட்டுக் கிராமத்தைச் சொல்லும் நாவல்கள். இரண்டு, நம் மலேசிய ரப்பர் தோட்டத்தைச் சொல்லும் நூல்கள். மூன்று, இவற்றைப் பிள்ளைகளிடம் சேர்ப்பதில் ஆசிரியர்களின் பங்கு. தலைமையாசிரியர் நிமிர்ந்து உட்கார்கிறார். ஐயா, உங்கள் முறை கடைசியில்தான்.

இதையெல்லாம் சொல்வதற்கு முன் எங்கள் அம்மாச்சி அடிக்கடி சொன்ன பழமொழி ஒன்று. இறைத்த கிணறு ஊறும், இறையாத கிணறு நாறும். 'ஆரம்பிச்சிட்டாருய்யா' என்று நாலாவது வரிசையில் யாரோ முணுமுணுப்பது கேட்கிறது. போன வருடம் வந்தவர் போலிருக்கிறது. நல்லது, நினைவு வைத்திருக்கிறீர்கள்.

முதலில் 'நாகம்மாள்'. ஆர். சண்முகசுந்தரம் எழுதி 1942இல் வெளிவந்த நாவல். அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து சொச்சம். இந்த மண்டபத்தில் அந்த வயதில் இருப்பவர்கள் கையைத் தூக்க வேண்டாம், சங்கடமாக இருக்கும். கொங்கு நாட்டுக் கிராமம். நாகம்மாள் கணவனை இழந்தவள், ஒரு பெண் குழந்தை. கொழுந்தன் சின்னப்பன் குடும்பத்தோடு ஒரே வீட்டில் இருக்கிறாள். ஒருநாள், என் பங்கு நிலத்தைப் பிரித்துக் கொடு என்கிறாள். கதை அவ்வளவுதான். ஆனால் அந்த ஒரு வார்த்தைக்குப் பிறகு அந்த வீட்டில் சோறு எப்படி இறங்குகிறது, ஊர் எப்படி ரெண்டுபடுகிறது, ஓரமாக உட்கார்ந்து வெற்றிலை போடுகிறவன் எப்படித் தூபம் போடுகிறான் என்பதையெல்லாம் படித்தால், நம் வீட்டுச் சொத்துத் தகராறு ஞாபகத்துக்கு வரும். வராத வீடு இருந்தால் எனக்கு முகவரி கொடுங்கள், வந்து பார்க்கிறேன். சின்னது, நூற்றுச் சொச்சம் பக்கம், ஒரு ஞாயிற்றுக்கிழமைக்குள் முடித்துவிடலாம்.

அடுத்தது கி. ராஜநாராயணனின் 'கோபல்ல கிராமம்', 1976. ஆள்பவன் கண் பட்டுவிட்ட ஒரு பெண்ணைக் காப்பாற்ற, ஆந்திரத்திலிருந்து உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடிவந்த கூட்டம், தெற்கே கரிசல் பூமியில் காட்டைத் தீயிட்டுத் திருத்தி ஓர் ஊரை உண்டாக்கிய கதை. அந்தக் கதையை யார் சொல்கிறார்? நூறு வயதைத் தாண்டிய ஒரு பூட்டி சொல்கிறார். கண் சரியாகத் தெரியாது, நடமாட்டம் இல்லை, ஆனால் ஊர் எங்கிருந்து வந்தது என்பது அவருக்கு மட்டும்தான் தெரியும். இந்தப் பூட்டியை மறந்துவிடாதீர்கள். பிறகு அவரைக் கூப்பிடுவேன்.

இடைசெவல்காரர் கி.ரா. அதே இடைசெவலில், அதே 1923இல் பிறந்த அவருடைய நண்பர் கு. அழகிரிசாமி நமக்கு அந்நியர் இல்லை. 1950களில் கோலாலம்பூர் வந்து தமிழ் நேசன் நாளிதழில் வேலை பார்த்தவர், நம் எழுத்தாளர்களைக் கூட்டி வைத்துச் சிறுகதை எப்படி எழுதுவதென்று சொல்லிக்கொடுத்தவர். கரிசல் மண் நம் தலைநகரத்துக்கே வந்து பாடம் நடத்தியிருக்கிறது. அந்தத் தமிழ் நேசன் 1924இல் தொடங்கி 2019இல் நின்றுபோனது. நிறுத்தியவர்களைக் குறை சொல்லி என்ன பயன்? கடைசி நாளன்று எத்தனை பேர் வாங்கினோம், அதற்கு முந்தின வருடம் எத்தனை பேர் வாங்கினோம்? இறைத்த கிணறு ஊறும், இறையாத கிணறு நாறும்.

சரி, இரண்டாவது செய்தி. நம் தோட்டம்.

இந்தத் தீவில் தமிழ் படிப்பது நேற்று வந்த பழக்கம் இல்லை. 1816இலேயே பினாங்கு ஃப்ரீ ஸ்கூலில் தமிழ் வகுப்பு நடந்திருக்கிறது. 1917இல் வெங்கடரத்தினம் எழுதிய 'கருணாகரன்' தொட்டு இங்கே நாவல்கள் வந்துகொண்டே இருக்கின்றன. தோட்டத்துக்குள் வந்தால், கா. பெருமாளின் 'துயரப் பாதை' இருக்கிறது. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' இருக்கிறது. 1942, 43இல் ஜப்பான்காரன் சயாமுக்கும் (இன்றைய தாய்லாந்து) பர்மாவுக்கும் நடுவே போட்ட 415 கிலோமீட்டர் தண்டவாளத்துக்கு நம் தோட்டங்களிலிருந்து ஆள் பிடித்துக்கொண்டு போனானே, அந்தக் கதை. பெயர் ரயிலுடையது, ஆனால் படித்துப் பாருங்கள், அதுவும் குடும்பக் கதைதான். லயத்தில், தோட்டத்துத் தொழிலாளர் வரிசை வீடுகளில், அப்பா திரும்பி வராத வீடு எத்தனை! அப்புறம் முத்தம்மாள் பழனிசாமியின் 'நாடு விட்டு நாடு'. கொங்கு நாட்டிலிருந்து மலாயா வந்த தம் குடும்பத்தின் கதையை முதலில் ஆங்கிலத்திலும் பிறகு தமிழிலும் எழுதினார் அந்த அம்மையார். இதை நான் நாவல்களுக்கு மேலே வைப்பேன். எழுத்தாளர் ஆகவேண்டும் என்று உட்கார்ந்து எழுதியதில்லை அது. பேரப்பிள்ளைக்குத் தெரியட்டும் என்று எழுதிய மாதிரி இருக்கும். அது வேறு ருசி.

எழுதப்படாதது இன்னும் நிறைய இருக்கிறது. வெள்ளைக்காரன் தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றபோது, 1960இல் அரசியல் தலைவர் துன் சம்பந்தன் தேசிய நிலநிதி கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். ரப்பர் மரம் சீவிப் பால் எடுக்கிறவனே தோட்டத்துக்குப் பங்குதாரன் ஆனான். பங்குப் பணம் கட்டுவதா, மகளுக்குத் தோடு வாங்குவதா என்று எத்தனை லயத்தில் புருசன் பெண்டாட்டி சண்டை நடந்திருக்கும்! அந்தச் சண்டையை எழுதினால் போதும், பரிசு தானாக வரும்.

இப்போது ஒரு சம்பவம். இதைச் சொல்லத்தான் வந்தேன் என்று டத்தோவுக்குத் தெரியும். அதனால்தான் கடிகாரத்தைப் பார்க்கிறார்.

நிபோங் திபால் பக்கம் ஒரு கோயில். பேர் வேண்டாம், அவர்கள் நல்லவர்கள், அன்று எனக்குச் சாப்பாடும் போட்டார்கள். பழைய ரப்பர் தோட்டம், இப்போது சுற்றிலும் செம்பனை, மக்கள் எல்லாம் பக்கத்துத் தாமானில், அதாவது குடியிருப்பில். கோயில் மட்டும் அதே இடத்தில். மண்டபத்து மூலையில் ஓர் இரும்பு அலமாரி. உச்சியில் பெயின்டில், 'வாசகசாலை'. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது. திறங்கள் என்றேன். சாவி செயலாளரிடம். செயலாளர் ஜொகூரில் மகள் வீட்டில். போன் போட்டோம். 'சாவியா? பொருளாளர்கிட்ட கொடுத்தேனே.' பொருளாளர் அங்கேயே நிற்கிறார். 'எங்கிட்ட எங்கண்ணே கொடுத்தீங்க, பழைய தலைவர்கிட்டல்ல கொடுத்தீங்க!' பழைய தலைவருக்குப் போன். அவர் சொன்னார் பாருங்கள்: 'அதுல புத்தகமா இருக்கு? திருவிழாப் பாத்திரம்னுல்ல நெனச்சேன்.'

கடைசியில் பூட்டை உடைத்தோம். மேல் தட்டில் இரண்டு சல்லடைக் கரண்டி, ஒரு குண்டான், போன வருடத்துப் பந்தல் துணி. நடுத்தட்டில் புத்தகம். கீழ்த்தட்டிலும் ஒரு காலத்தில் புத்தகம் இருந்திருக்கிறது. இப்போது கரையான் மண். கையை வைத்தால் உதிர்கிறது. அட்டை மட்டும் முழுசாக நிற்கிறது, உள்ளே ஒன்றுமில்லை. இறைத்த கிணறு ஊறும், இறையாத கிணறு... நீங்களே சொல்லுங்கள். ஆங், அதுதான்.

நடுத்தட்டில் ஒரு பழைய சிறப்பு மலர் கிடைத்தது, சிறுகதைப் போட்டி மலர். வெள்ளிக்கிழமை பூசை முடிந்து பிரசாதத்துக்குக் காத்திருக்கிறார்கள் நாலைந்து பெரியவர்கள். ஓர் ஆறாம் வகுப்புப் பையனைக் கூப்பிட்டு, தம்பி, முதல் பரிசுக் கதையைச் சத்தமாகப் படி என்றேன். படித்தான், பள்ளிக்கூடத்துக் குரலில். கதையில் கதாநாயகியை விட்டுவிட்டுப் புருசன் போய்விட்டான். விடியற்காலை, அடை மழை. அவள் அழுதுகொண்டே மரம் சீவுகிறாள். கண்ணீரும் மழையும் பாலும் ஒன்றாகக் கலந்து மங்கில், பால் பிடிக்கிற கிண்ணத்தில், சொட்டுகிறதாம். நல்ல வர்ணனை. எனக்கே தொண்டை அடைத்தது.

தூணோரம் உட்கார்ந்திருந்த ஒரு பாட்டி கையை நீட்டினார். 'டேய் தம்பி, நிறுத்து. மழை பெய்யறப்ப எவடா மரம் சீவுவா?' பையன் விழிக்கிறான். 'பட்டை நனைஞ்சிருச்சுன்னா பால் கோட்டுல நிக்காது. பட்டையெல்லாம் வழிஞ்சு மண்ணுக்குப் போயிரும், மங்குல ஒரு சொட்டு விழாது. அன்னிக்கு வெட்டு இல்ல. வெட்டு இல்லன்னா கூலி இல்ல. அழுவணும்னா வீட்டுல குந்தி அழச் சொல்லு. அதுவும் புருசனுக்காக அழுவுறாளா, கூலி போச்சேன்னு அழுவுறாளான்னு கேட்டுச் சொல்லு.'

மண்டபமே சிரித்தது. ஆனால் பாட்டி சிரிக்கவில்லை. அதற்குப் பிறகு ஒருவர் மாற்றி ஒருவர். இருட்டோடு எழுந்து ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்கு ஓடியது, பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயக்கொட்டகையில் தூங்குகிற பிள்ளையை அப்படியே கிடத்திவிட்டுப் போனது, நெற்றி விளக்கு வெளிச்சத்தில் கோடு தப்பாமல் சீவியது, பசியாறி முடித்து மங்கு மங்காகப் பாலை வாளியில் ஊற்றித் தோளில் காண்டாக் கம்பில் தூக்கிக்கொண்டு ஸ்டோருக்கு நடந்தது, உறைந்துபோன ஒட்டுப்பாலைத் தனியாகச் சுரண்டிச் சேர்த்தது. ஒரு தாத்தா, தொடர்ந்து மழை பிடித்த மாதத்தில் கடைக்காரரிடம் கடன் சொன்ன கதையை எடுத்தார். பிரசாதம் ஆறிப்போனது. சர்க்கரைப் பொங்கல் ஆறினால் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும், ஒருவரும் எழுந்திருக்கவில்லை. பையன் மலரை மூடிவிட்டு வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருக்கிறான். அவனுடைய சொந்தப் பாட்டியும் அந்தக் கூட்டத்தில்தான் இருந்தார். இதையெல்லாம் அவன் வீட்டில் கேட்டதே இல்லையாம்.

கோபல்ல கிராமத்துப் பூட்டியை மறந்துவிடாதீர்கள் என்றேனே, இங்கேதான் அவரைக் கூப்பிடுகிறேன். கி.ரா. தம் பூட்டியை நாவலுக்குள் உட்கார வைத்தார். நம் பூட்டிகள் கோயில் தூணோரம் உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்கள் நூலகத்துக்கு வரமாட்டார்கள், புத்தகக் கண்காட்சிக்கு வரமாட்டார்கள், இந்த மாதிரி விழாவுக்கும் வரமாட்டார்கள், வந்தாலும் நாம் பின்வரிசையில் உட்கார வைப்போம். கோயிலுக்கு வருவார்கள். ஆகவே புத்தகம் கோயிலுக்கு வரட்டும். குடும்பக் கதையைத் தனியாக மூலையில் உட்கார்ந்து படித்தால் பாதிதான் கிடைக்கிறது. மற்றப் பாதி, 'மழை பெய்யறப்ப எவடா சீவுவா' என்று கேட்கிற ஆள் பக்கத்தில் இருந்தால்தான் கிடைக்கும். அந்த ஆட்கள் வருடத்துக்கு வருடம் குறைகிறார்கள். போன தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலை அடிவாரத்தில் நாற்காலி போட்டு உட்கார வைத்தோமே அத்தனை பெரியவர்கள், அவர்களில் எத்தனை பேர் இப்போது இருக்கிறார்கள் என்று எண்ணிப் பாருங்கள்.

அதனால் கோயில்தோறும் ஓர் அலமாரி. கண்ணாடிக் கதவு போதும், பூட்டு வேண்டாம். கோயிலில் புத்தகம் திருடுகிற அளவுக்கு ஒருவன் படிப்பான் என்றால் அவனுக்கு நானே மாலை போடுகிறேன். அடித்தட்டு தரையிலிருந்து ஓர் அடி உயரத்தில் இருக்கட்டும், கரையானுக்கும் வெள்ளத்துக்கும் தப்பும். கரண்டி வைக்கக் கூடாது. பக்கத்தில் ஒரு நோட்டு, ஒரு பேனா. வெள்ளிக்கிழமை பூசைக்கும் பிரசாதத்துக்கும் நடுவே ஒரு பையனோ பெண்ணோ பத்துப் பக்கம் படிக்க வேண்டியது. பெரியவர்கள் குறுக்கே சொல்வதையெல்லாம் இன்னொரு பிள்ளை நோட்டில் எழுத வேண்டியது. ஒரு நாள் அன்னதானத்துக்கு நாம் செலவு செய்வதை எண்ணிப் பாருங்கள். சோற்றைக் குறைக்கச் சொல்லவில்லை, அப்படிச் சொன்னால் இந்த மேடையிலிருந்து என்னை இறக்கிவிடுவீர்கள். அலமாரிக்கு ஓர் உபயம், அவ்வளவுதான்.

இதைச் சொன்னபோது ஒரு கோயில் நிர்வாகி கேட்டார், 'கோயில்ல நாவலா? தேவாரம், திருவாசகம் வைக்கலாம். நாகம்மாள்ல கொலையெல்லாம் வருதாமே?' ஐயா, மகாபாரதத்தில் எத்தனை கொலை? அதுவும் பங்காளித் தகராறுதானே, அதுவும் நிலத்துக்காகத்தானே? தேவாரம் மேல் தட்டில் இருக்கட்டும், நாகம்மாள் நடுத்தட்டில் இருக்கட்டும். அம்பாள் ஒன்றும் சொல்லமாட்டாள். அவளும் பாதி உடம்பைப் பங்கு கேட்டு வாங்கியவள்தான்.

நெறியாளர் தங்கை இரண்டாவது முறையாகத் துண்டுச் சீட்டு கொடுக்கிறார். மூன்றாவது செய்தி ஆசிரியர்களைப் பற்றியது, தலைமையாசிரியர் பொறுத்துக்கொள்ள வேண்டும், அடுத்த கூட்டத்தில் உங்களிடமிருந்தே தொடங்குகிறேன். ஆனால் ஒன்று. அலமாரி என்றபோது டத்தோ தலையாட்டியதை நான் பார்த்தேன். டான்ஸ்ரீயும் பார்த்தார். மகளிர் பிரிவு பார்த்தது. இனிமேல் அது கழுத்துச் சுளுக்கு என்று சொல்ல முடியாது. வரும்போதே அளவுநாடாவோடு ஓர் ஆசாரியையும் கூட்டி வந்திருக்கிறேன், அதோ வாசலில் நிற்கிறார். அந்தத் தூணுக்கும் செருப்பு வைக்கும் இடத்துக்கும் நடுவே நல்ல இடம் இருக்கிறது. நீங்கள் சாப்பிட்டுக்கொண்டிருங்கள், அவர் அளந்துகொள்வார். டத்தோ, நிறம் மட்டும் நீங்கள் சொல்லுங்கள்.

நன்றி, வணக்கம்.