எச்.ஐ.வி. சிகிச்சை: கையில் காசில்லாமல் ஏ.ஆர்.டி. மையத்துக்கு எப்படிப் போவது?

வணக்கம். 'எச்.ஐ.வி. பாசிட்டிவ்' என்று ரிசல்ட் வந்த வீட்டில், அழுகை கொஞ்சம் ஓய்ந்ததும் வரும் கேள்வி, "மாத்திரைக்கு மாசம் எவ்வளவு ஆகும்?" என்பதுதான். காசில்லை, இன்சூரன்ஸ் இல்லை என்று நினைத்தே மாதக்கணக்கில் யாரிடமும் சொல்லாமல் இருந்துவிடுபவர்கள் இருக்கிறார்கள். இந்த வீடியோ அவர்களுக்காக.

மாத்திரைக்கு ஒரு ரூபாய்கூட ஆகாது. இந்திய அரசு 2004 ஏப்ரல் 1 முதல் எச்.ஐ.வி.க்கான கூட்டு மருந்தை, அதாவது ஏ.ஆர்.டி.யை, இலவசமாகத் தருகிறது. முதலில் தொடங்கிய எட்டு மையங்களில் நம் தாம்பரம் நெஞ்சக நோய் அரசு மருத்துவமனையும் ஒன்று. இதற்கு வருமானச் சான்றிதழ் வேண்டாம், காப்பீட்டு அட்டை வேண்டாம், வறுமைக்கோட்டுப் பட்டியலில் பெயரும் வேண்டாம். எச்.ஐ.வி. இருப்பது உறுதியானால் போதும், சிகிச்சை உண்டு.

ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். 2017-க்கு முன்பு, நோய் எதிர்ப்புச் சக்தியைக் காட்டும் சி.டி.4 ரத்த அணுக்கள் குறிப்பிட்ட அளவுக்குக் கீழே போனால்தான் பொதுவாக மருந்து தொடங்குவார்கள். "உங்களுக்கு இன்னும் தேவையில்லை, அப்புறம் வாங்க" என்று கேட்டுவிட்டுத் திரும்பியவர்களில் சிலர் மறுபடி அந்தப் பக்கமே போகவில்லை. உங்களுக்குத் தெரிந்து அப்படி ஒருவர் இருந்தால் அவரிடம் உடனே சொல்லுங்கள். அந்த விதி இப்போது இல்லை. சி.டி.4 எவ்வளவு இருந்தாலும் மருந்து உண்டு.

[திரையில்: நம்பிக்கை மையம் என்ற பெயர்ப்பலகை]

எங்கே தொடங்குவது? அரசு மருத்துவமனையில் எச்.ஐ.வி. சோதனையும் ஆலோசனையும் தரும் நம்பிக்கை மையத்தில். தனியார் லேபில் ஏற்கெனவே பார்த்திருந்தாலும் இங்கே ஒரு முறை உறுதி செய்வார்கள். ஒரே ரத்த மாதிரியை மூன்று வெவ்வேறு கிட்களில் பார்த்த பிறகுதான் பாசிட்டிவ் என்று எழுதுவார்கள். சோதனைக்கு முன்பும் பின்பும் ஆலோசகர் தனியாக உட்காரவைத்துப் பேசுவார். உங்கள் சம்மதம் இல்லாமல் சோதிக்கக் கூடாது. அது சட்டம்.

அங்கிருந்து ஏ.ஆர்.டி. மையத்துக்கு எழுதிக் கொடுப்பார்கள். சென்னை ராஜீவ் காந்தி, ஸ்டான்லி, கீழ்ப்பாக்கம், மதுரை ராஜாஜி என்று அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகளிலும், பல மாவட்டத் தலைமை மருத்துவமனைகளிலும் இந்த மையங்கள் இருக்கின்றன. எது பக்கம் என்று தெரியாவிட்டால் 1097-ஐ அழையுங்கள். கட்டணமில்லாத எண், பெயர் சொல்ல வேண்டியதில்லை.

முதல் நாள் கொஞ்சம் நீளமானது. காலையிலேயே போய்விடுங்கள், சாப்பிட ஏதாவது எடுத்துக்கொள்ளுங்கள். நம்பிக்கை மையத்தின் ரிப்போர்ட், போட்டோ, முகவரிக்கு ஏதாவது ஒரு சான்று கையில் இருக்கட்டும். சான்று எதுவும் இல்லை என்றாலும் போங்கள். ஆலோசகரிடம் நிலைமையைச் சொன்னால் வழி சொல்வார்கள். பதிவு செய்து ஒரு எண் தருவார்கள். ரத்தம் எடுப்பார்கள்: சி.டி.4, கல்லீரல், சிறுநீரகம், மஞ்சள் காமாலைக் கிருமிகள். அப்புறம் நான்கு கேள்விகள் வரும். இருமல் இருக்கிறதா, காய்ச்சல் இருக்கிறதா, எடை குறைந்ததா, இரவில் வியர்க்கிறதா? காசநோயைக் கண்டுபிடிக்கத்தான் இதைக் கேட்கிறார்கள். எச்.ஐ.வி. உள்ளவர்களின் உயிரை அதிகம் பறிப்பது காசநோய்தான். அதனால் லேசான இருமல் என்றாலும் மறைக்காதீர்கள். காசநோய் இருந்தால் அதற்கான மருந்தை முதலில் தொடங்குவார்கள், கூட்டு மருந்து சில வாரம் தள்ளிப்போகும். வேறு சிக்கல் இல்லை, மனதளவில் நீங்களும் தயார் என்றால் அன்றைக்கோ ஒரு வாரத்துக்குள்ளோ மாத்திரை கைக்கு வந்துவிடும்.

பெரியவர்களில் பெரும்பாலானவர்களுக்கு இப்போது தருவது தினமும் ஒரே ஒரு மாத்திரை. அதற்குள் டெனோபோவிர், லாமிவுடின், டோலுடெக்ராவிர் என்று மூன்று மருந்துகள் இருக்கின்றன. முப்பது மாத்திரை கொண்ட பிளாஸ்டிக் டப்பா. யாராவது பார்த்துவிடுவார்கள் என்று சிலர் லேபிளைக் கிழித்துவிட்டு மாத்திரையை வேறு டப்பாவுக்கு மாற்றுவார்கள். மாற்றினால், உள்ளே இருக்கும் ஈரம் உறிஞ்சும் சிறு பொட்டலத்தையும் சேர்த்து மாற்றுங்கள். ஈரம் பட்டால் மருந்து கெடும். அடுத்த முறை போகும்போது மீதி மாத்திரையோடு டப்பாவை எடுத்துப் போங்கள், எண்ணிப் பார்ப்பார்கள். நாலு நாள் விட்டுப் போயிருந்தால் உள்ளதைச் சொல்லுங்கள். ஏன் விட்டுப்போனது என்று தெரிந்தால்தான் அவர்களால் உதவ முடியும்.

இன்னொன்று. இரும்புச் சத்து மாத்திரை, கால்சியம், நெஞ்செரிச்சலுக்கான ஆன்டாசிட் இவற்றோடு சேர்த்து இந்த மாத்திரையை விழுங்கினால் டோலுடெக்ராவிர் உடம்பில் சரியாகச் சேராது. அவற்றுக்கு இரண்டு மணி நேரம் முன்பு, அல்லது ஆறு மணி நேரம் கழித்துப் போடுங்கள். தூக்கம் கெட்டால் நீங்களாக நிறுத்தாதீர்கள். காலையில் போடலாமா என்று மருத்துவரிடம் கேளுங்கள்.

ஆறு மாதம் கழித்து வைரல் லோடு பரிசோதனை, அதாவது ரத்தத்தில் வைரஸ் எவ்வளவு இருக்கிறது என்று பார்ப்பது. தனியாரில் ஆயிரக்கணக்கில் ஆகும் சோதனை, இங்கே இலவசம். ஒரு மில்லி ரத்தத்தில் வைரஸ் எண்ணிக்கை 200-க்குக் கீழே அடங்கி அப்படியே நீடித்தால் உடலுறவு வழியாக இன்னொருவருக்குத் தொற்றாது. குழந்தை வேண்டும் என்று நினைக்கும் தம்பதிகளிடம் இதைத் தெளிவாகச் சொல்ல வேண்டும், பலருக்குத் தெரிவதில்லை. வைரஸ் அடங்கவில்லை என்றால் அடுத்த கட்ட மருந்துகளும் இலவசமாகவே கிடைக்கும்.

[திரையில்: எச்.ஐ.வி. மற்றும் எய்ட்ஸ் தடுப்பு, கட்டுப்பாட்டுச் சட்டம், 2017]

"அங்கே யாராவது தெரிந்தவர் பார்த்துவிட்டால்?" நியாயமான பயம். பக்கத்து மாவட்ட மையத்தில் பதிந்து கொள்பவர்கள் உண்டு. என் கருத்து: முடிந்தவரை பக்கத்து மையமே நல்லது, ஏனென்றால் இது வாழ்நாள் மருந்து, பஸ் காசும் ஒரு நாள் கூலியும் தொடர்ந்து போகும். ஆனால் அந்தப் பயத்தால் போகாமலே இருந்துவிடுவீர்கள் என்றால், தூரத்து மையத்துக்காவது போங்கள்.

மையத்தில் வேலை செய்பவர்கள் உங்கள் நிலையை வெளியே சொல்லக் கூடாது. 2018 செப்டம்பர் 10 முதல் நடைமுறையில் உள்ள சட்டம் அதைத் தடுக்கிறது. விதிவிலக்கு ஒன்று உண்டு: துணைக்குத் தொற்றும் ஆபத்து இருந்தால், உங்களிடம் பேசிய பிறகும் நீங்கள் சொல்லாவிட்டால், மருத்துவரோ ஆலோசகரோ துணையிடம் சொல்லலாம். சொன்னால் வீட்டில் அடி விழும் என்று பயப்படும் பெண்ணா? அதை ஆலோசகரிடம் சொல்லுங்கள், அந்தச் சூழலில் துணைக்குச் சொல்லக் கூடாது என்று சட்டமே சொல்கிறது. வேலையிலிருந்து நீக்குவது, அறுவை சிகிச்சையை மறுப்பது, வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்வது எல்லாமே சட்டவிரோதம். இந்தப் புகார்களை விசாரிக்கும் மாநில ஆம்புட்ஸ்மேனிடம் (குறைதீர்ப்பாளரிடம்) புகார் கொடுக்கலாம்.

மருந்து இலவசம்தான், வந்துபோகும் செலவு? உடல்நிலை சீரானவர்களுக்கு மூன்று மாத மருந்து வரை சேர்த்துத் தருவார்கள், கேளுங்கள். வீட்டுக்குப் பக்கத்தில், மருந்து வாங்கிக்கொள்ளும் இணைப்பு ஏ.ஆர்.டி. மையம் இருந்தால் அங்கே மாற்றிக்கொள்ளலாம். ரயிலில் இரண்டாம் வகுப்புக்குப் பாதிக் கட்டணச் சலுகை உண்டு, அதற்கான சான்றை மையத்தில் வாங்க வேண்டும். திருப்பூருக்கோ பெங்களூருக்கோ வேலைக்குப் போகிறீர்கள் என்றால் கிளம்பும் முன் மாற்றல் கடிதம் வாங்கிக்கொள்ளுங்கள். கடிதம் வாங்காமலே போய்விட்டீர்கள், மருந்து தீர்ந்து மூன்று மாதமாகிறது என்றாலும் அங்கே உள்ள மையத்துக்குப் போய் பழைய பதிவு எண்ணைச் சொல்லுங்கள். எண் நினைவில்லை என்றால் பழைய மையத்தின் பெயர் போதும், அவர்கள் பேசி எடுத்துவிடுவார்கள்.