ஜூரியைக் குறைத்தால் தேக்கம் தீருமா?

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம்.

இங்கிலாந்தின் குற்ற வழக்குகளில், குற்றவாளியா இல்லையா என்று முடிவு சொல்லும் பன்னிரண்டு பொதுமக்கள் கொண்ட குழுவான ஜூரியின் பங்கைக் குறைப்பது தவறு என்று பேச வந்திருக்கிறேன். கடுமையான குற்றங்களை விசாரிக்கும் கிரவுன் நீதிமன்றங்களில் 2025-ல் சுமார் 78 ஆயிரம் வழக்குகள் தேங்கிவிட்டன, ஆகவே மூன்று ஆண்டு வரை தண்டனை கிடைக்கக்கூடிய வழக்குகளைத் தனி நீதிபதியே விசாரிக்கட்டும் என்கிறது எதிரணி. 2025 டிசம்பரில் நீதித்துறை அமைச்சர் டேவிட் லாமி வைத்த யோசனையும் இதுதான்.

தேக்கம் உண்மைதான். பன்னிரண்டு பேருக்குச் சட்டத்தை விளக்க நேரம் பிடிக்கும், சரி. ஆனால் 2019 இறுதியில் இதே தேக்கம் 40 ஆயிரத்துக்குள் இருந்ததே! அப்போதும் அதே பன்னிரண்டு பேர்தானே உட்கார்ந்திருந்தார்கள்? கொரோனா வந்தது, வழக்கறிஞர் பற்றாக்குறை வந்தது, நீதிமன்றம் கூடும் நாட்களுக்குப் பணமில்லை என்று விசாரணை அறைகளையும் பூட்டினார்கள். பழி மட்டும் ஜூரி தலையில்!

மனைவியின் காதலரைச் சுட்டுக் கொன்ற கடற்படை அதிகாரி நானாவதியின் வழக்கை எதிரணி நண்பர் இழுத்தார். 1959-ல் பம்பாய் ஜூரியில் ஒன்பதில் எட்டுப் பேர் 'குற்றவாளி அல்ல' என்றார்கள், உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை, தண்டித்தது. ஜூரியும் தவறும். தனி நீதிபதி தவறவே மாட்டார் என்று நண்பர் எழுதிக் கொடுப்பாரா?

லண்டன், 1670. தெருவில் பிரசங்கம் செய்ததாக வில்லியம் பென் என்ற குவேக்கர் கிறிஸ்தவப் பிரிவினர் மீது வழக்கு. 'குற்றவாளி என்று சொல்' என்று ஜூரியை நீதிபதிகள் நெருக்கினார்கள். ஜூரி மறுத்தது. சோறு இல்லை, தண்ணீர் இல்லை, குளிருக்கு நெருப்பில்லை. இரண்டு இரவு அடைத்து வைத்தார்கள். அப்போதும் மசியவில்லை. அபராதம் போட்டார்கள். புஷெல் என்ற ஜூரர் கட்ட மறுத்துச் சிறைக்குப் போய், அங்கிருந்தே வழக்காடினார். தீர்ப்புக்காக ஜூரரைத் தண்டிக்க முடியாது என்ற சட்டம் அப்படித்தான் பிறந்தது. பதவி உயர்வுக்குக் காத்திருக்கும் ஒரு தனி நீதிபதியிடம் இந்தப் பிடிவாதத்தை எதிர்பார்ப்பது கொஞ்சம் அதிகம்.

மணி அடித்துவிட்டீர்கள் நடுவர் அவர்களே, ஒரே ஒரு கேள்வி. பிரிட்டன் பாதுகாப்பு அமைச்சக அதிகாரி கிளைவ் போன்டிங், 1982 ஃபாக்லாந்து போரில் அர்ஜென்டினாவின் பெல்க்ரானோ போர்க்கப்பலைப் பிரிட்டன் மூழ்கடித்தது பற்றிய ஆவணங்களை ஒரு நாடாளுமன்ற உறுப்பினருக்கு அனுப்பினார். 1985-ல் விசாரணை. நாட்டின் நலன் என்றால் அன்றைய அரசின் கொள்கைதான் என்றார் நீதிபதி. ஆனாலும் ஜூரி போன்டிங்கை விடுதலை செய்தது. அந்தக் குற்றத்துக்கு அதிகபட்சத் தண்டனையே இரண்டு ஆண்டுதான். உங்கள் மூன்றாண்டுக் கணக்கில் அவர் யார் முன்னால் நின்றிருப்பார்? அடுத்து வரும் எதிரணிப் பேச்சாளர் முதலில் இதற்குப் பதில் சொல்லட்டும்.